காவல் நிலைய வாசலில் ஒரு டிராக்டர்

பச்சைமலை அடிவாரத்துப் பூலாம்பாடியில் டிராக்டர் இல்லாமல் விவசாயம் இல்லை. மக்காச்சோளத்துக்கு உழுவதும், சின்ன வெங்காயத்தை மண்டிக்கு ஏற்றுவதும், வேலை ஓய்ந்த மாதங்களில் வாடகைக்கு ஓடித் தவணை கட்டுவதும் அந்த ஒரே வண்டிதான். அப்படிப்பட்ட வண்டி, நடைச்சீட்டு இல்லாமல் மணல் ஏற்றியதாகப் பிடிபட்டால் என்ன ஆகிறது? காவல் நிலைய வேப்பமரத்தடியில் நிற்கிறது. பேட்டரி இறங்குகிறது, டயர் வெடிக்கிறது, காப்பீடு காலாவதியாகிறது. நிதி நிறுவனத்தின் தவணை மட்டும் நிற்பதில்லை.

மணல் திருட்டுக்கு நாம் வக்காலத்து வாங்கவில்லை. கல்லாறும் மருதையாறும் வெள்ளாறும் மழைக்காலத்தில் மட்டுமே ஓடுபவை. ஓடுகிற நாட்களில் தண்ணீரைப் பிடித்துவைத்துக் கரையோரக் கிணறுகளுக்குக் கசியவிடுவது மணல்தான். அது போனால் கிணறும் போகும். 2018 ஆகஸ்டில் முக்கொம்பு மேலணையில் ஒன்பது மதகுகள் ஒரே இரவில் அடித்துச் செல்லப்பட்டபோது, கொள்ளிடத்தில் வரம்பின்றி மணல் அள்ளியதையே விவசாயிகள் சுட்டிக்காட்டினார்கள். மணல் குவாரியே வேண்டாம் என்று திருமானூர் மக்கள் போராடியதும் அந்தப் பயத்தில்தான்.

எனவே வண்டியைப் பிடிப்பது சரி. பிடித்த பிறகு நடப்பதுதான் சரியில்லை.

1957ஆம் ஆண்டு கனிமச் சட்டத்தின் 21ஆம் பிரிவு வாகனத்தைக் கைப்பற்ற அதிகாரம் தருகிறது. ஐந்தாண்டு வரை சிறைத் தண்டனையும் உண்டு. ஆனால் வாகனத்தை அரசுடைமையாக்க நீதிமன்றம் உத்தரவிட வேண்டும். அந்தச் சட்டப்படி வழக்கை நீதிமன்றம் ஏற்கவோ, அதிகாரம் பெற்ற அலுவலர் எழுத்து மூலம் புகார் தர வேண்டும் என்கிறது 22ஆம் பிரிவு. முடிச்சு இங்கேதான். காவல் நிலையத்தில் முதல் தகவல் அறிக்கை பதிவாகிவிடுகிறது. அலுவலரின் புகார் தாமதித்தால் வழக்கும் நகராது, வண்டியும் நகராது.

வண்டிக்காரர் வக்கீலைத் தேடுகிறார். முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 451, 457 பிரிவுகளில் போட்ட மனுவை, 2024 ஜூலை முதல் புதிய சட்டத்தின் 497, 503 பிரிவுகளில் போடுகிறார். கைப்பற்றிய வாகனங்களைக் காவல் நிலையத்தில் நீண்ட காலம் போட்டுவைக்க வேண்டாம், படமெடுத்து, பிணைப்பத்திரம் வாங்கிக்கொண்டு ஒப்படையுங்கள் என்று உச்ச நீதிமன்றம் 2002இலேயே, சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் சொல்லிவிட்டது. அதேசமயம், மணல் கடத்தலில் சிக்கிய வண்டிகளை விடுவிக்கக் கூடாது என்று உயர் நீதிமன்ற மதுரைக் கிளை 2018 அக்டோபரில் கடுமை காட்டியது. ஆறுகளின் கதியைப் பார்த்தவர்களுக்கு அந்தக் கோபம் புரியும். ஆனால் இந்த இரண்டு குரல்களுக்கும் நடுவே, மாஜிஸ்திரேட் நீதிமன்றம், சிறப்பு நீதிமன்றம், உயர் நீதிமன்றம் என்று படியேறி இறங்குபவர் ஒற்றை டிராக்டர்காரர்.

பத்து டிப்பர் வைத்திருப்பவருக்கு ஒரு வண்டி முடங்குவது தொழில் செலவு. அடுத்த இரவே வேறு வண்டி ஆற்றில் இறங்கும். ஒரே வண்டிக்காரருக்கு அது குடும்பத்தின் முடக்கம். ஒரே வேகத்தில் இருவரையும் காக்கவைப்பதைச் சமநீதி என்று நம்மால் ஏற்க முடியவில்லை. அதிலும், ஏற்றியது ஆற்று மணலா, பட்டா நிலத்துச் சவுடா என்பதே தீராத வழக்குகளில் காத்திருப்பே தண்டனையாகிவிடுகிறது.

கைப்பற்றும்போதே எடுத்த இடம், அளவு, சரக்கின் தன்மை ஆகியவற்றைக் காணொளியாகப் பதிவு செய்யுங்கள். புதிய சட்டமே அதைக் கேட்கிறது. அலுவலரின் புகாருக்கு நாள் குறியுங்கள். முதல் முறை சிக்கியவருக்கு வைப்புத் தொகையும் உறுதிமொழியும் பெற்று, விற்கவோ கைமாற்றவோ கூடாது என்ற நிபந்தனையோடு வண்டியைக் கொடுங்கள். திரும்பத் திரும்பச் சிக்குபவரின் வண்டியை அரசுடைமையாக்கி ஏலம் விடுங்கள், அதையும் தாமதிக்காமல்.

பெரம்பலூர், அரியலூர் மாவட்ட ஆட்சியர்கள் இதற்கெல்லாம் சென்னையைப் பார்த்துக் காத்திருக்க வேண்டியதில்லை. எந்த நிலையத்தில் எத்தனை மணல் வண்டிகள், எந்தத் தேதியிலிருந்து நிற்கின்றன, யாருடைய கையெழுத்துக்காக நிற்கின்றன என்ற பட்டியலை மாதந்தோறும் வட்டாட்சியர் அலுவலகப் பலகையில் ஒட்டச் சொல்லலாம். புரட்டாசி உழவுக்கு முன் முதல் பட்டியல் வரட்டும்.