மலையைத் துளைத்தவர்கள்

ஜனவரி 15 அன்று தேனி மாவட்டத்துப் பாலார்பட்டியில் பொங்கல் வைக்கிறவர்கள், புனேயில் பிறந்து இங்கிலாந்தில் இறந்த ஒரு பொறியாளரையும் நினைத்துத்தான் பானையை ஏற்றுகிறார்கள். அன்று கர்னல் ஜான் பென்னிகுயிக்கின் பிறந்தநாள். கம்பம் பள்ளத்தாக்கில் அவருடைய படம் சாமி படங்களோடு பூஜை அறையில் தொங்குகிறது. பிள்ளைகளுக்கு அவர் பெயரை வைத்திருக்கிறார்கள். தேனியின் புதிய பேருந்து நிலையத்துக்கும் அவர் பெயர்தான். 2013-ல் லோயர் கேம்ப்பில் அவருக்கு மணிமண்டபம் திறந்தார்கள். வெள்ளைக்கார அதிகாரி ஒருவரை ஒரு வட்டாரமே குலதெய்வத்துக்குப் பக்கத்தில் வைத்துக் கும்பிடுவது தமிழ்நாட்டில் அபூர்வம்.

அவரைப் பற்றி இங்கே ஒரு கதை உண்டு. பாதி கட்டிய பெரியாறு அணையை வெள்ளம் அடித்துக்கொண்டு போனது. இனி பணம் இல்லை என்று சர்க்கார் கையை விரித்தது. துரை சீமைக்குப் போய்த் தன் சொத்தையும் மனைவியின் நகைகளையும் விற்றுப் பணத்தோடு திரும்பி வந்து அணையைக் கட்டி முடித்தார். கூடலூரிலோ கம்பத்திலோ உத்தமபாளையத்திலோ எந்தப் பெரியவரிடம் கேட்டாலும் இதைத்தான் சொல்வார். சொல்லும்போது குரல் தழுதழுக்கும்.

வெள்ளம் வந்தது உண்மை. ஆற்றைத் திருப்புவதற்காகப் போட்ட தற்காலிக அணைகள் ஒருமுறை அல்ல, பலமுறை அடித்துப் போயின. சொத்தை விற்றதற்கு மட்டும் ஆவணச் சான்று கிடையாது. திட்டத்தில் பணியாற்றிய ஏ.டி. மெக்கன்சி 1899-ல் எழுதிய பெரியாறு திட்ட வரலாற்றிலும் அப்படி ஒரு செய்தி இல்லை. அணைக்கான பணம் மதராஸ் அரசாங்கத்தின் கஜானாவிலிருந்து போனது.

அதற்காகக் கதையைப் பொய் என்று ஒதுக்கிவிட எனக்கு மனம் வரவில்லை. கிணறு வெட்டவும் மோட்டார் வாங்கவும் மனைவியின் நகையை அடகு வைத்தவர்களும், மகள் கல்யாணத்துக்குக் காட்டை விற்றவர்களும் வாழும் பூமி இது. ஒரு மனிதன் தாங்கக்கூடிய பெரிய இழப்பு என்று சம்சாரிக்குத் தெரிந்தது நிலமும் நகையும் போவதுதான். தனக்குத் தண்ணீர் தந்தவருக்கு அந்த இழப்பையே கொடுத்து, அவரையும் தங்களில் ஒருவராக ஆக்கிக்கொண்டார்கள். நன்றி காட்ட இதைவிடப் பெரிய வழி அவர்களுக்குத் தெரியாது.

ஆனால் நூறாண்டுக் கணக்கில் பார்க்கும்போது இந்தக் கதை ஒன்றை மறைக்கிறது. துரை சொத்தை விற்றுக் கட்டியிருந்தால் இந்தத் தண்ணீர் அவர் போட்ட பிச்சை. பொதுப் பணத்தில் கட்டியதென்றால் அது குடிகளின் உரிமை. அந்தக் கஜானாவில் இருந்தது இதே ஜில்லாக்களின் நிலவரியும் உப்பு வரியும் சாராய வரியும்தான். அணை கட்டினால் எத்தனை ஏக்கர் நன்செய் ஆகும், அதனால் தீர்வை எவ்வளவு கூடும் என்று கணக்குப் பார்த்த பிறகே சர்க்கார் பணத்தை ஒதுக்கியது. 1876 முதல் 1878 வரை தென்னிந்தியாவைச் சூறையாடிய தாது வருஷப் பஞ்சம் அந்தக் கணக்கை அவசரப்படுத்தியது. பஞ்சத்தில் செத்தவர்களும் இந்த அணைக்கு விலை கொடுத்தவர்கள்தான்.

யோசனையும் பென்னிகுயிக்கோடு பிறந்ததல்ல. மேற்கே ஓடி அரபிக்கடலில் விழும் ஆற்றைக் கிழக்கே திருப்ப முடியுமா என்று பார்க்க, 1789-லேயே ராமநாதபுரம் சமஸ்தானத்துப் பிரதானி முத்திருளப்ப பிள்ளை ஆள் அனுப்பினார். முடியும் என்று தெரிந்தது. செலவுக்குச் சமஸ்தானத்திடம் வழி இல்லை. 1808-ல் வந்து பார்த்த கால்டுவெல் என்ற ராணுவப் பொறியாளர் இது வெறும் கனவு என்று எழுதிவிட்டுப் போனார். 1850-ல் சிறிதாக ஒரு முயற்சி நடந்தது. காய்ச்சலுக்குப் பயந்த ஆட்கள் கூலியை உயர்த்திக் கேட்டதும் அதுவும் நின்றது. பிறகு ரைவ்ஸ், ஸ்மித் என்று ஒவ்வொருவராக வரைபடத்தைத் திருத்தினார்கள். 1882-ல் பென்னிகுயிக்கின் கைக்கு வந்தது, ஏறத்தாழ நூறு வருஷமாகப் பலர் சுமந்த யோசனை. அதைச் செய்து முடித்த பெருமை அவருடையது. அதில் ஓர் அணுவும் குறைக்க வேண்டியதில்லை.

அதே ஆண்டுகளில் இதே மேற்குத் தொடர்ச்சி மலையின் வேறொரு மடிப்பிலும் பாறையைத் துளைத்துக்கொண்டிருந்தார்கள். நீலகிரியின் மேற்குச் சரிவில் இன்னொரு கூடலூர் இருக்கிறது. அதை அடுத்த தேவாலாவிலும் பந்தலூரிலும் ஓடைமணலைக் குறும்பர்கள் அரித்துத் தங்கம் எடுத்த செய்தி வெள்ளைக்காரத் தோட்ட முதலாளிகளின் காதுக்கு எட்டியது. அரசாங்கம் 1879-ல் ஆஸ்திரேலியாவின் தங்க வயல்களை அறிந்த பிரௌ ஸ்மித் என்பவரை வரவழைத்தது. அவர் நம்பிக்கை ஊட்டும் அறிக்கை ஒன்றைக் கொடுத்தார். லண்டனில் கம்பெனிகள் வரிசையாக முளைத்தன. தேவாலா எந்தத் திசையில் இருக்கிறது என்றே தெரியாதவர்கள் பங்கு வாங்கினார்கள். காட்டுக்குள் இயந்திரங்கள் ஏறின, பங்களாக்கள் எழுந்தன. பாறையில் தங்கம் இருந்தது. ஆனால் ஒரு டன் கல்லை உடைத்தால் கிடைத்தது செலவுக்குக் கட்டவில்லை. சில ஆண்டுகளுக்குள் எல்லாம் கலைந்துபோனது.

அங்கே எந்தக் கம்பெனி டைரக்டருக்கும் யாரும் பொங்கல் வைப்பதில்லை. தேயிலை வந்து அந்த நிலத்தை மூடியது. பின்னர் 1964-ன் சிறிமாவோ – சாஸ்திரி ஒப்பந்தத்தால் இலங்கையிலிருந்து அனுப்பப்பட்ட மலையகத் தமிழர்களுக்கு, அரசின் டான்டீ தோட்டங்களில் அங்கேதான் வேலை கொடுத்தார்கள். கைவிட்ட சுரங்கப் பொந்துகளுக்குள் பொடித் தங்கம் தேடி இறங்கி உயிரை விடுகிறவர்கள் இன்றும் இருக்கிறார்கள். தங்கம் எடுக்கத் துளைத்த மலை அப்படி ஆயிற்று.

தண்ணீருக்காகத் துளைத்த மலையின் கதை வேறு. 1886 அக்டோபர் 29-ல் திருவிதாங்கூரோடு குத்தகை ஒப்பந்தம் கையெழுத்தாயிற்று: 8,000 ஏக்கர், ஏக்கருக்கு ஆண்டுக்கு 5 ரூபாய், 999 வருஷம். 1887-ல் வேலை தொடங்கியது. பக்கத்து ரயில் நிலையம் அம்மையநாயக்கனூர்; அங்கிருந்து மாட்டு வண்டிகள் பள்ளத்தாக்கின் நீளம் முழுக்க நடந்து மலையேற வேண்டும். குருவனூத்தில் வெட்டிய சுண்ணாம்புக்கல் கம்பிவடத்தில் தொங்கிக்கொண்டு மேலே போனது. சுண்ணாம்பும் செங்கல் தூளும் அரைத்த சுர்க்கி காரையில் அணை எழுந்தது. ஒன்றரைக் கிலோமீட்டருக்கு மேல் பாறையைக் குடைந்து, தண்ணீரைக் கிழக்கே இறக்கினார்கள். 1895 அக்டோபர் 10-ல் கவர்னர் வென்லாக் பிரபு திறந்து வைத்தார். அந்தத் தண்ணீர் கம்பம் பள்ளத்தாக்கில் 14,707 ஏக்கரை இருபோகம் ஆக்கியது. வைகையில் சேர்ந்து மதுரைக்கும் மேலூருக்கும் போனது. மேலூரின் புஞ்சைக்காடு நெல்வயல் ஆனது அதற்குப் பிறகுதான்.

இந்த எட்டு வருஷத்தில் மலைமேல் வாழ்ந்தவர்களைப் பற்றித்தான் நம் கதைகள் வாய் திறப்பதில்லை. மெட்ராஸ் பயனியர் படையினர், கொச்சியிலிருந்து வந்த போர்த்துகீசிய வம்சத்துத் தச்சர்கள், மதுரைச் சீமையின் ஊர்களிலிருந்து ஏறிய ஆயிரக்கணக்கான கூலியாட்கள். யானையும் புலியும் அவர்களுக்குப் பெரிய பகை அல்ல; காய்ச்சல்தான் கொன்றது. மலேரியாவைக் கொசு பரப்புகிறது என்பதை ரொனால்ட் ராஸ் கண்டுபிடித்தது 1897-ல், அணை திறந்து இரண்டு ஆண்டு கழித்து. அதுவரை காட்டுக் காற்றும் காட்டுத் தண்ணீருமே காரணம் என்று நம்பினார்கள். குளிரும் மழையும் நடுக்கமும் தாங்க ஆட்களுக்குச் சாராயம் கொடுத்தார்கள். அது இல்லாமல் அணையை முடித்திருக்க முடியாது என்கிற அளவுக்கு மெக்கன்சி எழுதிவைத்திருக்கிறார். நோயில் இறந்தவர்கள் என்று கணக்கில் ஏறியவர்கள் 483 பேர். காய்ச்சலோடு மலையிறங்கி வீட்டுத் திண்ணையில் செத்தவர்களை யார் எண்ணியிருப்பார்கள்? அணைக்கு அருகே காட்டுக்குள் ஒரு கல்லறைத் தோட்டம் இருக்கிறது. பூஜை அறையில் பென்னிகுயிக் படம் தொங்கும் வீடுகளில் எத்தனையோ வீட்டுக்காரர்களுக்கு, அந்த மலைக்குப் போய்த் திரும்பாத ஒரு பாட்டன் இருந்திருப்பான். அவன் பெயர் அவர்களுக்கே தெரியாது.

தேங்கிய ஏரியின் அடியிலும் வாழ்க்கை இருந்தது. மன்னான்கள், பளியர்கள் என்ற பழங்குடிகள் அந்தப் பள்ளத்தில் வாழ்ந்தவர்கள். தாங்கள் மதுரையிலிருந்து மலையேறியவர்கள் என்பது மன்னான்கள் தலைமுறை தலைமுறையாகச் சொல்லும் கதை. தண்ணீர் மதுரைக்கு இறங்கியபோது, மதுரையிலிருந்து வந்ததாகச் சொன்னவர்களின் காடு மூழ்கியது. இதைச் சொல்ல நம் பக்கத்தில் ஒரு கும்மிப் பாட்டும் எழவில்லை.

யாருடைய உழைப்பு, யாருடைய பணம் என்பது மறந்து ஒரே ஒரு முகம் மட்டும் நினைவில் நின்றால், அந்த முகத்தைக் கொடியில் ஏந்துவதும் சுலபம். 1979-ல் அணையின் நீர்மட்டத்தை 136 அடிக்குக் குறைத்ததில் கேரளத்தோடு தொடங்கிய வழக்கு, 2014 மே மாதம் உச்ச நீதிமன்றம் 142 அடியை உறுதி செய்யும் வரை நீண்டது. நம் பக்கம் நியாயம் இருந்தது. அதை நான் முழு மனதோடு சொல்வேன். ஆனால் 2011 டிசம்பரில் பள்ளத்தாக்கே திரண்டு குமுளியை நோக்கி நடந்த நாட்களில் அதிகம் அடிபட்டவர்கள், விடியற்காலை ஜீப்பில் நெருக்கியடித்து இடுக்கி ஏலத்தோட்டங்களுக்குக் கூலிக்குப் போகும் நம் பெண்கள். பாதை அடைபட்டது, வேலை நின்றது, தோட்டத்தில் தங்கியிருந்தவர்கள் பயந்து மலையிறங்கி ஓடிவந்தார்கள். கம்பமெட்டும் போடிமெட்டும் குமுளியும் அவர்களுக்கு எல்லைக் கோடுகள் அல்ல, உலைக்கு அரிசி வரும் வழி.

இந்தக் கதையின் மூன்றாவது சுரங்கம் ஒன்றும் இந்தப் பள்ளத்தாக்குக்கு வரப் பார்த்தது. அதன் வேர் தங்க வயலில்தான் இருக்கிறது. ஆம்பூர், வாணியம்பாடி, வேலூர்ப் பக்கமிருந்து போன தமிழர்கள் தலைமுறைகளாக இறங்கி உழைத்த கோலார் தங்கச் சுரங்கம் மூன்று கிலோமீட்டருக்கும் மேல் ஆழமானது. அந்த ஆழத்தில் கருவிகளை வைத்துத்தான் 1965-ல், காற்று மண்டலத்தில் பிறக்கும் நியூட்ரினோ துகள்களை இந்திய விஞ்ஞானிகளும் அவர்களோடு இணைந்த வெளிநாட்டு விஞ்ஞானிகளும் பதிவு செய்தார்கள். உலகில் முதன்முதலாகப் பதிவு செய்தவர்களில் அவர்களும் உண்டு. தங்கம் குறைந்து, 2001-ல் கோலார் மூடப்பட்டது. நியூட்ரினோ ஆராய்ச்சிக்கு வேறு மலை தேவைப்பட்டது. முதலில் நீலகிரியில் சிங்காராவைக் கேட்டார்கள். முதுமலைப் புலிகள் காப்பகத்தை ஒட்டியிருந்ததால் அனுமதி கிடைக்கவில்லை. கடைசியில் போடி மேற்கு மலையில் பொட்டிப்புரத்தின் அம்பரப்பர் மலைக்கு வந்தார்கள். சுமார் இரண்டு கிலோமீட்டர் சுரங்கப் பாதை, உள்ளே 50,000 டன் இரும்பாலான கருவி. 2015-ல் மத்திய அமைச்சரவை ஒப்புதல் தந்தது. 2017-ல் பசுமைத் தீர்ப்பாயம் சுற்றுச்சூழல் அனுமதியை நிறுத்தியது. 2018-ல் மறுபடி அனுமதி வந்தது. 2022-ல் தமிழ்நாடு அரசு, இதை அனுமதிக்க முடியாது என்று உச்ச நீதிமன்றத்தில் தெரிவித்தது.

நியூட்ரினோவால் கதிர்வீச்சு வரும் என்று பரப்பிய பயத்துக்கு அறிவியல் ஆதாரம் இல்லை. அந்தத் துகள்கள் எப்போதும் நம் உடம்பைக் கடந்து போய்க்கொண்டுதான் இருக்கின்றன. ஆனால் பொட்டிப்புரத்துக்காரர்கள் கேட்ட கேள்வி அதோடு நிற்கவில்லை. எங்கள் மேய்ச்சல் காடு என்ன ஆகும், வெடி வைத்தால் ஊற்று என்ன ஆகும், பக்கத்தில் மதிகெட்டான் சோலை இருக்கிறதே என்று கேட்டார்கள். விஞ்ஞானிகள் ஊர்ச்சாவடியில் உட்கார்ந்து பதில் சொல்லத் தொடங்கியபோது, பயம் முன்னாலேயே வந்து உட்கார்ந்துவிட்டது. ஒரு சுரங்கத்தைச் செய்தவரைக் கும்பிடும் ஊர் இன்னொரு சுரங்கத்தை மறுத்ததில் முரண் ஏதும் இல்லை என்றே நினைக்கிறேன். துளைத்த மலையிலிருந்து கழனிக்கு என்ன வரும் என்று பார்க்க இந்த மக்களுக்கு நூற்றிருபது வருஷப் பழக்கம் இருக்கிறது. ஆராய்ச்சி வேண்டும் என்பவர்கள் அந்தப் பழக்கத்தை மதித்துப் பேசத் தொடங்கியிருந்தால், முடிவு வேறாக இருந்திருக்கக்கூடும்.

அணையின் வரலாற்றில் விட்டுப்போனதை இப்போதும் சேர்க்கலாம். மெக்கன்சியின் புத்தகத்தில் இருக்கும் வேலைக் கணக்கு, கூலிக் கணக்கு, சாவுக் கணக்கு எல்லாம் தமிழில் எழுதப்பட்டு லோயர் கேம்ப் மணிமண்டபத்தில் ஒரு கூடமாக நிற்க வேண்டும். அதில் முத்திருளப்ப பிள்ளைக்கும் பயனியர் படையினருக்கும் கொச்சித் தச்சர்களுக்கும் மன்னான்களுக்கும் இடம் வேண்டும். தேனி, மதுரை மாவட்டப் பள்ளிகளின் ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகளை ஆண்டுக்கு ஒருமுறையாவது அங்கே அழைத்துப் போய், சொத்தை விற்ற கதையையும் சொல்லி, கஜானாவின் கணக்கையும் காட்ட வேண்டும். காட்டுக்குள் இருக்கும் அந்தக் கல்லறைத் தோட்டம் கேரளத்தின் புலிகள் காப்பகத்துக்குள் வருகிறது. இரண்டு மாநிலங்களின் ஆட்களும் சேர்ந்து அதைச் செப்பனிட்டு, பதிவேட்டில் கிடைக்கும் பெயர்களைத் தமிழிலும் மலையாளத்திலும் கல்லில் வெட்டி வைக்கலாம். நீர்மட்டம் பற்றிய எந்த வழக்கும் அந்த வேலைக்குக் குறுக்கே நிற்கவில்லை.