அங்கிளா, அப்பாவா?

நம்ம சினிமாவில் ஒரு குழந்தைக்குப் புது அப்பாவோ புது அம்மாவோ வரவேண்டுமென்றால், பெரும்பாலும் முதலில் யாராவது செத்தாக வேண்டும். 'ரிதம்' (2000) படத்தில் அர்ஜுன், மீனா இருவரின் துணையையும் பறித்தது ஒரே ரயில் விபத்து. 'வி ஆர் ஃபேமிலி' (2010) என்ற இந்திப் படத்தில் விவாகரத்தான கஜோல் உயிரோடுதான் இருக்கிறார். ஆனால் அவருக்குப் புற்றுநோய் வந்த பிறகுதான் கரீனா கபூர் அந்த வீட்டுக்குள் நுழைய வழி பிறக்கிறது. (ஹாலிவுட்டின் 'ஸ்டெப்மாம்' படத்தை வாங்கி எடுத்தது. அதனால் இந்திக்காரர்களை மட்டும் திட்ட முடியாது.)

நிஜத்தில் எப்படி? வேலைக்காக ஊர் விட்டு வந்த நம்மவர்களிடையே நான் பார்க்கிற மறுமணங்களில் பாதிக்கு மேல் விவாகரத்துக்குப் பிறகு நடந்தவை. பெற்ற அப்பா திடமாகத்தான் இருக்கிறார். ஞாயிற்றுக்கிழமை வந்து பையனை வெளியே கூட்டிப்போகிறார். சாயங்காலம் கொண்டுவந்து விடும்போது கதவைத் திறப்பது புதுக் கணவர். அந்த இரண்டு ஆண்களும் வாசலில் நின்று என்ன பேசிக்கொள்வார்கள்? நான் பார்த்த எந்தத் தமிழ்ப் படமும் அந்த வாசலில் கேமராவை வைக்கவில்லை.

கௌதம் மேனன் பக்கத்தில் வந்தார். 'வேட்டையாடு விளையாடு' (2006) ஜோதிகா விவாகரத்தானவர், ஒரு பெண்குழந்தையின் அம்மா. கமல் அதை ஒரு குறையாகவே எடுத்துக்கொள்வதில்லை. 'என்னை அறிந்தால்' (2015) இன்னும் ஒரு படி மேலே. கல்யாணத்துக்கு முன்பே த்ரிஷா கொல்லப்பட, அவர் மகளை அஜித் தன் மகளாகவே வளர்க்கிறார். ரத்த உறவில்லை, தாலி கட்டிய உறவுகூட இல்லை. அழகுதான். ஆனால் அந்தப் பெண் ஒருநாள் 'நீங்க ஒண்ணும் என் அப்பா இல்லை' என்று கத்தியிருந்தால் அஜித் என்ன செய்திருப்பார்? வில்லன் வந்துவிடுகிறான், நமக்குத் தெரியாமலே போய்விடுகிறது.

பிள்ளை முடியாது என்று சொன்ன படம் ஒன்று உண்டு. வசந்தின் முதல் படமான 'கேளடி கண்மணி' (1990). எஸ்.பி.பி. மனைவியை இழந்தவர், ராதிகா டீச்சர். மகள் சம்மதிக்கவில்லை, கல்யாணம் நடக்கவில்லை. அதற்காக அந்தச் சின்னப் பெண்ணைப் பிசாசாகக் காட்டவும் இல்லை. பத்து வருடம் கழித்து அதே வசந்த் எடுத்ததுதான் 'ரிதம்'. அதில் குழந்தை பக்கமிருந்து எதிர்ப்பே வராது. இரண்டில் முதல் படம்தான் நேர்மையானது என்பது என் கட்சி. (மூச்சுவிடாமல் பாடியதை மட்டும் ஞாபகம் வைத்துக்கொண்டு மீதியை மறந்துவிட்டோம்!)

மொழியும் கைகொடுக்க மாட்டேன் என்கிறது. சித்தி என்று கூப்பிட ஒரு வார்த்தையாவது இருக்கிறது. மாற்றாந்தகப்பனை என்னவென்று கூப்பிடுவது? எனக்குத் தெரிந்த ஒரு வீட்டில் பத்து வயதுப் பையன் அவரை 'அங்கிள்' என்கிறான். ஊரிலிருந்து பாட்டி வந்தால் 'அப்பான்னு கூப்பிடுடா கண்ணா' என்று ஒரே படுத்தல். பாட்டி இருக்கிற நாட்களில் அவன் அவரைக் கூப்பிடுவதே இல்லை. எதிரில் போய் நின்றுகொண்டு பேச ஆரம்பிப்பான். தினமும் அவனை ஸ்கூல் பஸ் ஏற்றிவிடுவது அந்த மனிதர்தான்.

சட்டமாவது துணைக்கு வருமா என்றால், அது இன்னும் கறார். காப்பாளர் பற்றிய 1956ஆம் வருடத்து இந்து சட்டம், தகப்பன் என்ற சொல்லில் மாற்றாந்தகப்பன் சேரமாட்டார் என்று தனியாக விளக்கமே எழுதி வைத்திருக்கிறது. மாற்றாந்தாய்க்கும் அதே கதி. பத்து வருடம் வளர்த்தாலும் இயற்கைக் காப்பாளர் ஆக முடியாது. முறைப்படி தத்தெடுக்கலாம், 2017 தத்தெடுப்பு விதிமுறைகளில் அதற்கு வழி இருந்தது. ஆனால் பெற்றவரின் சம்மதம் வேண்டும்.

அதாவது, ஞாயிற்றுக்கிழமை வந்துபோகிற அந்த அப்பா, 'இவன் இனி என் பிள்ளை இல்லை' என்கிற மாதிரி ஒரு காகிதத்தில் கையெழுத்துப் போட வேண்டும். போடுவாரா? ஏன் போட வேண்டும்? கேட்கப் போகிறவர் எந்த முகத்தோடு போய்க் கேட்பார்? இரண்டரை மணி நேரப் படத்துக்கு இது போதாதா சார்? கொலையும் வேண்டாம், கேன்சரும் வேண்டாம். அந்தப் பையனை யாராவது கேட்டீர்களா என்ற இடத்தில் இடைவேளை விடலாம்.