சினை ஆட்டின் கடைசி 50 நாட்கள்

1995 ஒக்ரோபரில் வலிகாமத்தை விட்டு வெளிக்கிட்டபோது எங்களில் பலர் ஆடுகளைக் கயிறவிழ்த்து விட்டுத்தான் வந்தோம். வந்த இடத்தில் மறுபடியும் ஒரு மறியை வாங்கிக் கட்டினவர்களுக்கு அதன் அருமை தெரியும். ஆனால் அது சினைப்பட்டதும் எமது கவனம் குறைந்துவிடுகிறது.

ஆடு சினை தாங்குவது ஏறத்தாழ 150 நாட்கள். 100ஆம் நாளிலும் வயிற்றுக் குட்டிக்குப் பிறப்பு நிறையில் மூன்றிலொன்றுக்கும் குறைவாகத்தான் இருக்கும். மிகுதி வளர்ச்சி கடைசி 50 நாட்களில்தான். அந்த நாட்களில் கருப்பை பெருத்து இரைப்பையை நெருக்குவதால் தாய் ஒரே தடவையில் நிறையத் தின்னாது. கொஞ்சம் கொஞ்சமாகப் பலமுறை கொடுக்கவேண்டும்: கிளிசரியா, முருங்கை, பூவரசங் குழை, அதோடு ஒரு பிடி தவிடும் புண்ணாக்கும். இரட்டைக்குட்டி சுமக்கும் ஆடு பட்டினி கிடந்தால் தன் உடற் கொழுப்பையே கரைத்து, அதனால் நஞ்சேறிப் படுத்துவிடும். பிறகு எழுப்புவது கடினம்.

பால் கறப்பதுதான் பெரிய வழக்கு. இடம்பெயர்ந்த குடிலில் பிள்ளைக்கு அந்த ஒரு பேணிப் பாலை விட்டால் வேறில்லை என்பது எமக்குத் தெரியாததல்ல. இருந்தும், ஈனுவதற்கு இரண்டு மாதம் முன்னரே கறவையை நிறுத்தவேண்டும் என்றே சொல்வோம். தாயின் நோயெதிர்ப்புச் சக்தி இளங்கொடி வழியாகக் குட்டிக்குப் போவதில்லை. கடும்புப் பாலில்தான் போகிறது. ஓயாமல் கறந்த மடியில் நல்ல கடும்பு ஊறாது. அந்த இரண்டு மாதமும் அயலில் ஆடு கறப்பவர்கள் ஒரு சுண்டு பால் கைமாற்றாகக் கொடுக்கட்டும். தங்கள் ஆடு வற்றும்போது அவர்கள் அதைத் திருப்பி வாங்கிக்கொள்ளலாம்.