தராசும் தூக்குக்கயிறும்

“போதைப் பொருள் விற்பவனைத் தூக்கிலிடு” என்னும் குரல் இன்று கொழும்பிலிருந்து மட்டும் எழவில்லை. யாழ்ப்பாணத்திலும் வன்னியிலும் மட்டக்களப்பிலும், பாடசாலைப் பெற்றோர் கூட்டங்களிலும் கமக்காரர் சங்கங்களிலும் அதே குரல் கேட்கிறது. அக்குரலை எழுப்புவோரைக் குறைகூற நாம் வரவில்லை. வெங்காயம் நட்டு, கடன்பட்டுப் படிப்பித்த மகன், தாயின் தாலிக்கொடியைக் களவாகக் கொண்டுபோய் விற்கிறான் என்றால், அந்தத் தகப்பனின் வாயிலிருந்து வேறு எந்தச் சொல்தான் வரும்? ஆனால், துயரத்திலே பிறக்கும் சொல் வேறு. நாட்டின் சட்டம் வேறு. அத்துயரச் சொல்லைச் சட்டப் புத்தகத்தில் ஏற்றி நாற்பது ஆண்டுகளுக்கு மேலாகிவிட்டன. அது எதைச் சாதித்தது என்று ஒருமுறை கணக்குப் பாராமல், அதையே இன்னும் கூடுதலாகத் தாருங்கள் என்று தமிழ் மக்களும் சேர்ந்து கேட்பது தகுமா?

சரித்திரத்தைச் சற்றுப் பின்னோக்கிப் பார்த்தல் வேண்டும். போதையை ஒழிக்கப் புறப்பட்டிருக்கும் அரசாங்கம் என்னும் இயந்திரம், ஒரு காலத்தில் அப்போதையின் மொத்த வியாபாரியாகவே இருந்தது. சீனப் பேரரசர் 1729ஆம் ஆண்டிலேயே அபின் புகைத்தலைத் தடுத்துக் கட்டளையிட்டார். கிழக்கிந்தியக் கம்பனியோ 1773இல் வங்காளத்து அபின் வியாபாரத்தைத் தன் ஏகபோகமாக்கி, பாட்னாவிலும் காசிப்பூரிலும் அபினைப் பெட்டி பெட்டியாக அடைத்துக் கல்கத்தாவில் ஏலம் போட்டது. அங்கிருந்து அது கள்ளக் கப்பலேறிச் சீனத்துக்குப் போயிற்று. 1839இல் கன்ரன் துறைமுகத்துக்கு வந்த லின் சேசூ என்ற அதிகாரி, 20,000க்கும் மேற்பட்ட அபின் பெட்டிகளைக் கைப்பற்றி, சுண்ணாம்பும் உப்பும் கலந்து கடலிலே கரைத்துவிட்டார். அக்குற்றத்திற்காகச் சீனாவின் மீது பிரித்தானியா யுத்தம் தொடுத்தது. 1842இல் நான்கிங் உடன்படிக்கையின்படி ஹொங்கொங் பறிபோயிற்று. கரைத்த அபினுக்கு நட்டஈடும் கட்ட நேர்ந்தது. கள்ளக்கடத்தலைப் பிடித்தவன் தண்டம் கட்டினான். கடத்தியவன் துறைமுகம் பெற்றான். அந்த வியாபாரம் ஒழுக்க நெறிப்படி நியாயப்படுத்த முடியாதது என்று பிரித்தானியப் பாராளுமன்றம் தீர்மானிப்பதற்கு 1906ஆம் ஆண்டு வரவேண்டியிருந்தது!

இலங்கையில் நடந்தது இதன் சிறிய படியே. ஆங்கிலேயர் ஆட்சியில் இங்கும் அபின் கடைகள் அனுமதிப் பத்திரத்துடன் நடந்தன. திறைசேரிக்கு அவற்றால் வருவாய் உண்டு. எமது சித்த வைத்தியரும் சிங்கள வெதமாத்தயாக்களும் அபினையும் கஞ்சாவையும் சுத்தி செய்து அளவறிந்து மருந்தில் சேர்த்தது பழைய வழக்கம். சந்தியிலே கடை திறந்து விற்றது அரசாங்கத்தின் வழக்கம். மக்கள் எதிர்ப்பின் பின்னரே, 1910ஆம் ஆண்டளவில், கடைகள் மூடப்பட்டு, பதிவு செய்யப்பட்ட பழக்காளருக்கும் வைத்தியருக்கும் மட்டும் அரசாங்கமே அபின் வழங்கும் முறை ஏற்பட்டது. பழக்கத்திற்கு அடிமையானவனைப் பதிவேட்டில் எழுதி, கொடுப்பதை அளந்து கொடுத்த முறை அது. குடியேற்ற ஆட்சியின் கணக்குப் புத்தி அதில் இருந்தது உண்மை. ஆயினும், அவனை உடனே சிறையில் அடைக்கவேண்டும் என்று அந்த ஆட்சிக்குக்கூடத் தோன்றவில்லை என்பதைக் குறித்துக்கொள்ள வேண்டும்.

பின்னர் 1912இல் ஹேக் உடன்படிக்கையும் 1925இல் ஜெனீவா உடன்படிக்கையும் வந்தன. அவற்றின் காலத்திலே பிறந்ததுதான் 1929ஆம் ஆண்டின் 17ஆம் இலக்க நஞ்சுகள், அபின், அபாயகர ஒளடதங்கள் கட்டளைச் சட்டம். இன்றும் இந்நாட்டுப் போதைச் சட்டத்தின் அத்திவாரம் அதுவே. இடையில் ஒன்று சொல்லிவைக்கலாம். சாராயத்தையும் சிகரெட்டையும் இச்சட்டம் தொடாது. அவற்றின் வரியில் வரவுசெலவுத் திட்டத்தின் ஒரு பங்கு நிற்கிறது. புகையிலைத் தோட்டம் செய்து பிள்ளைகளை உத்தியோகத்துக்கு அனுப்பிய குடும்பங்கள் எமது வாசகரிடையே பல உண்டு. எது போதை, எது பயிர், எது வருமானம் என்பதை வகுப்பது பொருளின் நஞ்சு மட்டுமன்று என்பது அவர்களுக்கு நாம் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

1980களின் தொடக்கத்தில் ஹெரோயின் இத்தீவுக்குள் வந்தது. அதை எதிர்கொள்ளப் பாராளுமன்றம் 1984ஆம் ஆண்டின் 13ஆம் இலக்கத் திருத்தச் சட்டத்தை இயற்றி, பழைய கட்டளைச் சட்டத்தினுள்ளே ஒரு தராசைக் கொண்டுவந்து வைத்தது. ஹெரோயின் 2 கிராம், கொக்கெயின் 2 கிராம், மோபின் 3 கிராம், அபின் 500 கிராம்: இந்த நிறையைத் தொட்டால் மரணதண்டனை அல்லது ஆயுட்சிறை. 2022ஆம் ஆண்டின் 41ஆம் இலக்கச் சட்டம் ‘ஐஸ்’ என்று வழங்கும் மெதம்பெற்றமைனை 5 கிராம் என்ற நிறையுடன் இவற்றோடு சேர்த்தது.

இரண்டு கிராம் என்றால் ஒரு தேக்கரண்டிச் சீனியில் பாதி. அந்நிறையை விற்றவனுக்கு மட்டுமன்று, உடைமையில் வைத்திருந்தவனுக்கும் அதே தண்டனை. ஆழ்கடலில் இருநூறு கிலோவை இறக்கிப் பணம் பண்ணுகிறவனும், நாட்கூலிக்குப் பொதி சுமந்த பொடியனும், பழக்கம் முற்றித் தன் தேவைக்கும் கூட்டாளியின் தேவைக்கும் வாங்கி வைத்திருந்தவனும் இத்தராசின் ஒரே தட்டில் ஏற்றப்படுகிறார்கள். இருநூறு கிலோக்காரன் வீதியிலே அகப்படுவதில்லை. அகப்படுகிறவன் பொதி சுமந்தவனே. குற்றவாளியின் மனத்தையும் பங்கையும் ஆராய்வதே குற்றவியற் சட்டத்தின் உயிர்நாடி. தராசுக்கு அந்த ஆராய்ச்சி தெரியாது.

அதற்கு மேல் பிணையைப் பாருங்கள். இப்பாரதூரமான குற்றங்களில் சந்தேகநபருக்குப் பிணை வழங்கும் அதிகாரம் நீதவானுக்கு இல்லை. மேல் நீதிமன்றமே, அதுவும் ‘விதிவிலக்கான சூழ்நிலை’யில் மட்டுமே, வழங்கலாம், அச்சூழ்நிலை யாதென்று சட்டம் வரையறுக்கவில்லை. 2022ஆம் ஆண்டுத் திருத்தத்தின் பின், மரணதண்டனைக்குரிய குற்றத்தில் தூய பொருளின் நிறை 10 கிராமோ அதற்கு மேலோ ஆனால், கொழும்பிலுள்ள மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கே போகவேண்டும். கிளிநொச்சியில் கூலி வேலை செய்யும் ஒரு தாய் கொழும்பிலே சட்டத்தரணி பிடித்து மனுப்போட எத்தனை போகத்து நெல்லை விற்கவேண்டும்? கலப்படத் தூளிலே தூய பொருள் எவ்வளவு என்ற அரசாங்கப் பகுப்பாய்வாளரின் அறிக்கை வரும்வரை மகன் விளக்கமறியலிலேயே கிடப்பான். அறிக்கையில் ஒரு கிராமுக்கும் குறைவென்று வந்தாலும், கழிந்த மாதங்களை அவனுக்கு யார் திருப்பிக் கொடுப்பது?

சந்தேகம் ஒன்றே சிறைக்குப் போதும் என்ற ஏற்பாட்டைத் தமிழ் மக்கள் அறியாதவர்களா? 1979இல் வந்த பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் கீழ், தமக்கு விளங்காத மொழியில் எழுதிய வாக்குமூலத்தில் ஒப்பமிட்டு ஆண்டுக்கணக்கில் சிறையிருந்தோரின் தாய்மாருடன் நீதிமன்ற வாசலில் நின்ற சமூகம் இது. அதே இலக்கணத்தில் எழுதிய இன்னொரு சட்டத்தைக் கண்டு, இது நல்லதற்குத்தானே என்று நாம் தலையாட்டலாகாது. 2023 மார்கழி 17ஆம் நாள் ‘யுக்திய’ என்னும் நடவடிக்கை தொடங்கிச் சில கிழமைகளுக்குள் 29,000க்கும் மேற்பட்டோர் கைது செய்யப்பட்டதாக ஐக்கிய நாடுகளின் மனித உரிமை நிபுணர்கள் 2024 தை மாதத்தில் சுட்டிக்காட்டி, அதை இடைநிறுத்தும்படி கேட்டார்கள். ‘யுக்திய’ என்ற சிங்களச் சொல்லுக்கு நீதி என்று பொருள்!

புனர்வாழ்வு என்ற சொல்லும் எமக்குப் புதிதன்று. பொலனறுவை மாவட்டத்துக் கந்தகாடு, போர் முடிந்தபின் முன்னாள் போராளிகள் வைக்கப்பட்ட இடங்களுள் ஒன்று. பின்னர் போதைக்கு அடிமையானோர் அங்கு வைக்கப்பட்டனர். 2022 ஆனியில் அங்கிருந்த ஒருவர் இறந்தார். நூற்றுக்கணக்கானோர் வேலியை உடைத்து ஓடினர். அம்மரணம் தொடர்பாகப் படையினர் நால்வர் கைதாயினர். அதே ஆண்டில் வந்த புனர்வாழ்வுப் பணியகச் சட்டமூலம், போதைக்கு அடிமையானோரோடு முன்னாள் போராளிகளையும் ‘வேறெந்த ஆட்கள் குழுவினரையும்’ ஒரே சாக்கில் கட்டியிருந்தது. போதைக்கு அடிமையானோருக்கு மட்டும் என்று திருத்தினாலன்றிச் சாதாரண பெரும்பான்மையால் அதனை நிறைவேற்ற இயலாது என்று உயர் நீதிமன்றம் கூறிய பின்னரே, 2023 தையில் திருத்தங்களுடன் அது சட்டமாயிற்று. நோயாளியையும் முன்னாள் போராளியையும் ஒரே வாசகத்தில் எழுதிய பேனா எந்த மனத்திலிருந்து ஓடியது என்பதை வாசகர் ஊகித்துக்கொள்ளலாம்.

இனி, ‘சட்டத்தில் மரணதண்டனை இருந்தென்ன, 1976க்குப் பின் எவரையும் தூக்கிலிடவில்லையே, அதனால்தான் பயமில்லை’ என்பார் உளர். 2019 ஆனியில் அன்றைய ஜனாதிபதி மைத்திரிபால சிறிசேன போதைக் குற்றவாளிகள் நால்வரின் மரணப் பத்திரத்தில் ஒப்பமிட்டதாக அறிவித்ததும் இந்த வாதத்தின் பேரிலேயே. உயர் நீதிமன்றம் அதனைத் தடுத்து நிறுத்தியது. அவ்வாதத்துக்கு விடை ஈரானில் இருக்கிறது. போதைக் குற்றத்திற்காக ஆயிரக்கணக்கானோரைத் தூக்கிலிட்ட நாடு அது. எமது கடலில் பிடிபடும் ஹெரோயினின் பெரும்பகுதி, ஆப்கானிஸ்தானத்தில் விளைந்து, அந்த ஈரானும் பாகிஸ்தானும் பங்குபோடும் மக்ரான் கரையிலிருந்துதான் கப்பலேறுகிறது. தூக்குமேடை நிற்கும் ஊரே ஏற்றுமதித் துறை! 2017இல் ஈரானியப் பாராளுமன்றமே தூக்குக்குரிய நிறையை உயர்த்த நேர்ந்தது. மலேசியா 2023இல் கட்டாய மரணதண்டனையை நீக்கியது. அதே ஆண்டு பாகிஸ்தான் போதைக் குற்றத்துக்கு மரணதண்டனையையே எடுத்துவிட்டது. அயலவர் கயிற்றை அவிழ்க்கும் வேளையில் நாம் புதிதாக ஒரு பொருளைக் கயிற்றில் கட்டியிருக்கிறோம்.

சிங்கப்பூர் மட்டும் தளரவில்லை. 2022 சித்திரையில் அங்கு தூக்கிலிடப்பட்ட மலேசியத் தமிழர் ஒருவர் கடத்தியது 43 கிராமுக்கும் சற்றுக் குறைந்த ஹெரோயின். அவர் அறிவுத்திறன் குறைந்தவர் என்ற வாதத்தை நீதிமன்றம் ஏற்கவில்லை. பொதியைக் காலிலே கட்டிக்கொண்டு எல்லை கடந்தவர் தூக்கிலே தொங்கினார்.

வேறு வழி இல்லாமலில்லை. போர்த்துக்கல் நாடு 2001இல், பத்து நாட் பாவனைக்கு மேற்படாத அளவைத் தன் தேவைக்கு வைத்திருப்பதைக் குற்றவியல் நீதிமன்றத்திலிருந்து எடுத்து, சட்டம், மருத்துவம், சமூகப்பணி அறிந்தோர் அடங்கிய குழுவிடம் ஒப்படைத்தது. விற்பனை இன்றும் அங்கு குற்றமே. அந்நாடு அதனால் சொர்க்கமாகிவிடவில்லை. ஆனால் நோயாளி பொலிஸாருக்குப் பயந்து ஒளிப்பது குறைந்தது, சிகிச்சைக்கு வருவது கூடியது.

வடக்கில் பலர் சொல்லும் இன்னொரு பேச்சையும் நாம் மறைக்கப்போவதில்லை. இத்தனை முகாம்களும் காவலரண்களும் கடற்படைப் படகுகளும் இருக்க, ‘கேரள கஞ்சா’வும் தூளும் எப்படி ஊருக்குள் வருகின்றன? தலைமுறையை அழிக்கவே திட்டமிட்டு விடப்படுகின்றனவா? முதற் கேள்விக்கு அரசாங்கம் விடை கூறியே ஆகவேண்டும். கடலையும் கரையையும் கையில் வைத்திருப்பவரே கடல்வழி வந்ததற்குப் பொறுப்பாளி. இரண்டாவதற்குச் சான்று வேண்டும். எமது பிள்ளைகளைச் சந்தேகத்தின் பேரில் அடைக்காதே என்று வாதாடும் நாம், எதிராளிமேல் சந்தேகத்தையே தீர்ப்பாக எழுத முடியாது. சான்று உள்ளவர் அஞ்சாது முன்வரட்டும். நீதிமன்றத்தில் அவர் பக்கம் நிற்க எமது சட்டத்தரணிகள் இருக்கிறார்கள்.

தமிழ்ப் பாராளுமன்ற உறுப்பினர்களிடம் நாம் கேட்பது தூக்குக்கயிறு அன்று. பாவிப்பவனையும் விற்பவனையும் நிறையால் மட்டும் பிரிக்கும் அட்டவணையைத் திருத்தப் பிரேரணை கொண்டுவாருங்கள். பிணை அதிகாரத்தை ஊரிலுள்ள நீதிபதியிடம் திருப்பிக் கேளுங்கள். 2006ஆம் ஆண்டின் பணம் தூயதாக்கல் தடுப்புச் சட்டமும், குற்றத்தால் ஈட்டிய சொத்துக்கள் பற்றி 2025இல் வந்த சட்டமும் பொதி சுமப்பவனின் துவிச்சக்கரவண்டியைப் பறிக்க எழுதப்பட்டவை அல்ல. படகும் மாடிவீடும் வாங்கியவனின் கணக்கேட்டைத் திறக்க அவற்றை எங்கே பயன்படுத்தினீர்கள் என்று அமைச்சரைக் கேளுங்கள். 2007ஆம் ஆண்டின் 54ஆம் இலக்கச் சட்டம் போதைக்கு அடிமையானோரின் சிகிச்சைக்கென்றே இயற்றப்பட்டது. வரவுசெலவுத் திட்டத்தில் சுகாதார அமைச்சின் செலவினம் விவாதத்துக்கு வரும் நாளில் எழுந்து நின்று, அச்சட்டத்தின்படி வடக்கிலும் கிழக்கிலும் எந்த மாவட்டத்தில் எத்தனை கட்டில்கள், தமிழ் பேசும் வைத்தியர் எத்தனை பேர், இந்த ஆண்டு ஒதுக்கிய பணம் எவ்வளவு என்று கேட்டு, விடையை ஹன்சாட்டில் பதியச் செய்யுங்கள்.