மெட்டுக்கும் ஆக்கியோன் உண்டு

'இராகம் எவர்க்கும் தனியுடைமை அன்று. ஆகவே மெட்டும் எவர்க்கும் உரியதன்று' என்பார் நம்மிடையே பலர். முன்பாதி மெய். பின்பாதி, பிறர் உழைப்பைப் பெயர் சொல்லாமல் நுகர்வதற்கு நாம் கண்டுகொண்ட சாக்கு.

சென்ற மார்கழியில், தலைநகரில் நம்மவர் வாழும் குடியிருப்பொன்றில் திருப்பாவை இசையரங்கு நடந்தது. பாடியவர், மிருதங்கம் வாசித்தவர், ஒலிபெருக்கி அமைத்தவர் ஈறாக எல்லார் பெயரும் அழைப்பிதழில் இருந்தன. அன்று பாடிய முப்பது பாசுரங்களுக்கும் மெட்டமைத்த அரியக்குடி இராமானுஜ ஐயங்காரின் பெயர் மட்டும் இல்லை. கேட்டேன். "அது மரபு மெட்டுத்தானே, சார்!" என்றார் ஓர் அன்பர். ஆண்டாள் காலந்தொட்டு அப்படியே பாடிவருகிறார்கள் என்பது அவர் எண்ணம் போலும்!

அரியக்குடியார் எதையும் வானத்திலிருந்து கொண்டுவந்தார் அல்லர். முதல் ஐந்து பாசுரங்களுக்கு அவர் எடுத்துக்கொண்ட இராகங்கள் நாட்டை, கௌளை, ஆரபி, வராளி, ஸ்ரீ. தியாகராசரின் பஞ்சரத்தினக் கீர்த்தனைகள் அமைந்தவையும் இவையே, வரிசையும் அதுவே. கேட்டுப் பழகிய செவி இவ்வுறவை உடனே உணர்ந்து மகிழும். ஆயினும் அப்பெருங்கீர்த்தனைகளின் மெட்டில் எட்டடித் தமிழ்ப் பாசுரத்தை வைத்துப் பாடிப் பாருங்கள், பொருந்தாது. தமிழ்ச் சொல்லின் நெடிலுக்கும் குறிலுக்கும் ஏற்ப இராகத்தை இணக்கியது அவருடைய தனித்திறம். அதைத் திருட்டு என்பாரும் இல்லை. அவருடையது என்று சொல்வாரும் அருகிவருகின்றனர்.

சட்டமும் நெடுநாள் நம்மைப்போலவே இருந்தது. 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம், அச்சிலோ எழுத்திலோ ஏறிய இசையையே இசைப்படைப்பு என்றது. குருவின் வாயிலிருந்து சீடன் செவிக்குச் சென்ற மெட்டுக்கு அதில் இடமில்லை. 1994இல்தான் அவ்வரையறை மாறியது. ஆக்கியோன் மறைந்தபின் 60 ஆண்டுகள் உரிமை என்பது 1992இல் வந்த திருத்தம். அரியக்குடியார் மறைந்தது 1967இல். அக்கணக்கின்படி 2027உடன் காலம் முடிகிறது. காலம் முடிந்தால் பணம் கேட்க முடியாது, சரி. பெயருக்குமா தவணை?

எங்கள் அலுவலகத்தில் இருவரிக் குறிப்புக்கும் எழுதிய எழுத்தர் சுருக்கொப்பம் இடுகிறார். செயலாளரே கையொப்பமிட்டாலும் அது கோப்பில் அழிவதில்லை. ஓர் எழுத்தனுக்குள்ள இவ்வுரிமை இசைப்பேரறிஞருக்கு இல்லை. ஊரைவிட்டு வந்து வளரும் நம் பிள்ளைகளோ, அழைப்பிதழில் உள்ளதையே வரலாறு என்று கொள்கிறார்கள்.

வரும் மார்கழி அழைப்பிதழில் 'மெட்டு' என ஒரு வரிக்கு இடம் விடுமாறு விழாக் குழுவினருக்கு எழுதியிருக்கிறேன். மறுமொழி இன்னும் வரவில்லை.