நம்ம ஊர்ப் பிள்ளைகளின் கதை எங்கே?

டி.வி.யைத் திறந்தால் பூதம், மந்திரவாதி, பேசும் பூனை. எல்லாம் ஜாலிதான். ஆனால், உங்களைப் போன்ற பிள்ளைகளின் உண்மைக் கதையும் வேண்டாமா?

இங்கிலாந்தில் ஃபில் ரெட்மண்ட் என்ற எழுத்தாளர் அப்படித்தான் நினைத்தார். சாதாரண அரசுப் பள்ளி மாணவர்களை வைத்து 'கிரேஞ்ச் ஹில்' தொடரை உருவாக்கினார். பி.பி.சி.யில் 1978 முதல் 2008 வரை ஓடியது. அடிதடி, போதைப் பழக்கம் என எதையும் மறைக்காததால் பெரியவர்கள் சிலர் கோபப்பட்டார்கள். பிள்ளைகளோ விரும்பிப் பார்த்தார்கள்.

நம் அம்பாசமுத்திரத்தை ஒட்டி ஓடும் தாமிரபரணி, கிழக்கே ஸ்ரீவைகுண்டம் வழியாகத்தான் கடலுக்குப் போகிறது. அந்தப் பக்கத்துப் புளியங்குளத்தில் பிறந்தவர் மாரி செல்வராஜ். தன் சிறுவயது அனுபவங்களை வைத்து அவர் எழுதி இயக்கிய 'வாழை' படம் 2024-ல் வந்தது. பள்ளிக்கூடம் என்றால் உயிரான சிவனைந்தன், லீவு நாளில் வாழைத்தார் சுமக்கப் போகிறான். வீட்டு நிலைமை அப்படி!

"சோகக் கதை சின்னவங்களுக்கு எதுக்கு?" என்பார்கள் சிலர். கழுத்து வலிக்கச் சுமை தூக்கும் பிள்ளை உங்கள் வகுப்பிலேயே இருக்கலாமே! திங்கட்கிழமை அவன் ஏன் தூங்கி விழுகிறான் என்று தெரிந்தால், கேலி செய்வீர்களா? அதற்குத்தான் இப்படிக் கதைகள் வேண்டும்.

பூதக் கதை இருக்கட்டும். நம்ம ஊர்ப் பிள்ளைகளின் கதையும் டி.வி.யில் வரட்டும். அதை எழுதப் போவது நீங்களாகவும் இருக்கலாம்!