கண்ணுக்கு மையா? பேனாவுக்கு மையா?

ஸ்வீடன் நாட்டில் ஒரு நடிகை இருந்தார். அவர் பெயர் மை ஸெட்டர்லிங்.

நம் தமிழில் "மை" இரண்டு வகை. ஒன்று கண்ணுக்குத் தீட்டுவது. மற்றொன்று பேனாவில் ஊற்றுவது. சினிமா உலகம் இவரைக் கண் மையாகவே வைத்துக்கொள்ளப் பார்த்தது. அவரோ பேனா மையாக இருக்க ஆசைப்பட்டார். அவர் ஆசைப்பட்டதுதான் சரி என்பது என் அபிப்பிராயம்.

1925-ம் ஆண்டு, சாதாரண உழைப்பாளிக் குடும்பத்தில் பிறந்தவர். 1944-ல் "ஹெட்ஸ்" என்ற படத்தில் கடைக்காரப் பெண்ணாக நடித்தார். அப்போது வயது 19. பிற்காலத்தில் உலகப் புகழ் பெற்ற இங்மர் பெர்க்மன்தான் அந்தக் கதையை எழுதினார்.

உடனே இங்கிலாந்து கூப்பிட்டது!

1947-ல் வந்த படம் "ஃப்ரீடா". போர் முடிந்து இரண்டே வருஷம். ஆங்கிலேய விமானி ஒருவன், ஒரு ஜெர்மன் பெண்ணை மணந்து ஊருக்கு அழைத்து வருகிறான். ஊரே அவளை வெறுக்கிறது. "இவளை உங்கள் வீட்டில் சேர்ப்பீர்களா?" என்று கேட்டே படத்தை விளம்பரம் செய்தார்கள். அந்த ஜெர்மன் பெண்ணாக நடித்தவர் நம் ஸெட்டர்லிங்.

டேனி கே, பீட்டர் ஸெல்லர்ஸ் போன்ற பெரிய நடிகர்களுடனும் நடித்தார். வேறொருவராக இருந்தால் அதோடு திருப்தி அடைந்திருப்பார்.

பரிசு கொடுத்த ஊர்

அவர் காமிராவுக்குப் பின்னால் போய் நின்றார். 15 நிமிஷத்தில் ஓடும் ஒரு சின்னப் படம் எடுத்தார். ஒரு பொம்மைத் துப்பாக்கிக்காக இரண்டு பையன்கள் சண்டை போடுகிறார்கள். கதை அவ்வளவுதான். பெரியவர்களின் போர்களைப் பற்றி இதைவிடச் சுருக்கமாக எப்படிச் சொல்வது? 1963-ல் வெனிஸ் பட விழா அதற்குப் பரிசு கொடுத்தது.

அடுத்து, தாமே ஒரு நாவல் எழுதினார். தாமே அதைப் படமாகவும் எடுத்தார். "நாட்லெக்" என்று பெயர். இரவு விளையாட்டு என்று அர்த்தம். தாயால் பிள்ளையின் மனத்தில் ஏற்பட்ட காயம், அவன் வளர்ந்த பிறகும் ஆறாததுதான் கதை.

1966-ல் அதே வெனிஸ் நகரில் பொதுமக்களுக்கு அதைக் காட்டவில்லை! நீதிபதிகளும் பத்திரிகைக்காரர்களும் மட்டும் பார்த்தார்கள். அமெரிக்காவில், சான்பிரான்சிஸ்கோ விழாவில் அதைக் காட்டக்கூடாது என்று ஷர்லி டெம்பிள் விழாக் குழுவிலிருந்தே விலகினார். ஆம், சுருட்டை முடியுடன் ஆடிப் பாடிய அதே குழந்தை நட்சத்திரம்தான்.

குழந்தைகளுக்குக் காட்டக்கூடிய படம் அல்ல அது. ஒப்புக்கொள்கிறேன். ஆனால், வளர்ந்தவர்களுக்கும் கதவைச் சாத்துவது என்ன நியாயம்?

1968-ல் "ஃப்ளிக்கோர்னா" வந்தது. பெண்கள் கூடிப் போரை நிறுத்தும் பழைய கிரேக்க நாடகத்தை ஊர் ஊராக நடத்தும் மூன்று நடிகைகளின் கதை. விமர்சகர்கள் அதையும் கிழித்தார்கள். இன்று அதையே அவருடைய சிறந்த படமாகப் பலர் சொல்கிறார்கள்!

பளு தூக்குகிறவர்கள்

1972-ல் நடந்த ம்யூனிக் ஒலிம்பிக் பந்தயத்தைப் பற்றி எட்டு டைரக்டர்களின் படம் ஒன்று வந்தது. அதில் ஒரே பெண் இவர். நீச்சலையோ நடனம் போன்ற தேகப் பயிற்சியையோ அவர் எடுக்கவில்லை. பளு தூக்குகிறவர்களை எடுத்தார்! விளையாட்டில் அவருக்கு அக்கறை இல்லை. ஒரே காரியத்தில் வெறியாக இருக்கும் மனிதர்களைப் பார்க்கத்தான் ஆசை.

சிறுகதைகள் எழுதினார். 1985-ல் சுயசரிதை எழுதினார். 1990-ல் "தி விட்சஸ்" படத்தில் பாட்டியாக வந்து பிள்ளைகளின் மனத்தைக் கவர்ந்தார். 1994-ல் லண்டனில் காலமானார்.

ஸ்வீடனில் ஆக்னஸ் வான் க்ருஸன்ஷெர்னா என்ற எழுத்தாளர் இருந்தார். துணிந்து எழுதியதற்காக ஏச்சு வாங்கியவர். 1964-ல் ஸெட்டர்லிங் டைரக்ட் செய்த முதல் முழுநீளப் படம், அந்த அம்மையாரின் நாவல்களை வைத்து எடுத்தது. 1986-ல் டைரக்ட் செய்த கடைசி முழுநீளப் படம், அந்த அம்மையாரின் வாழ்க்கை. அதற்குக் கதை வசனமும் ஸெட்டர்லிங்கே எழுதினார்.